நனையாத பை

நானூற்றுப் பதினேழாம் எண் போர்க்கப்பல் மூழ்க ஏழு நிமிடம்தான் எடுத்துக்கொண்டது. அது மூழ்கிய கதையைச் சொல்ல, கட்சி அதில் அமர்த்தியிருந்த அரசியல் அதிகாரி கில் யோங்-சொப் இருபது நிமிடம் எடுத்துக்கொண்டார்.

மொரேபோ கடற்படைத் தள மருத்துவமனையில் அடுப்பு எரிகிற ஒரே அறையை அவருக்கு ஒதுக்கியிருந்தார்கள். தலைமாட்டில் மேலிடத்திலிருந்து வந்த பீச் பழ டப்பாக்கள் இரண்டு. லெப்டினன்ட் பியோ உன்-சிம் அவற்றைப் பார்க்காமலே வாக்குமூலம் எழுதப் பெரும்பாடு பட்டாள். அவள் காலையில் குடித்தது சோளக்கஞ்சி. அதில் சோளத்தைத் தேடத்தான் ஒரு துப்பறிவாளர் வேண்டியிருந்தது.

அவளுடைய மேலதிகாரி, ராணுவ வழக்குத்துறை மேஜர் மெங் தெக்-சு, ஜன்னலோரம் நின்று பற்ற வைக்காத சிகரெட்டை மென்றுகொண்டிருந்தார். ஒல்லியான மனிதர். யார் பேசினாலும் பாதிதான் நம்புவார், அந்தப் பாதி எது என்று சொல்ல மாட்டார்.

"நேத்துக் காலையில முப்பது பேரும் நானும் கரையில மண்டபத்துல இருந்தோம்," என்றார் கில். "தினமும் நடக்குற பத்திரிகை வாசிப்பு. படிச்சது நான். சைரன் கேட்டதும் மொதல்ல ஓடுனதும் நான்தான். கப்பல் ஒரு பக்கமா சாஞ்சிடுச்சு. மத்தவங்க நின்னு வேடிக்கை பாத்தாங்க. எனக்கு ஒரே நெனப்புதான். உணவறைச் சுவத்துல தலைவர்கள் படம் இருக்கே!"

"குதிச்சீங்க."

"குதிச்சேன். உணவறை கூரை வரைக்கும் தண்ணி. இருட்டு. மூச்சப் பிடிச்சுக்கிட்டுத் தடவித் தடவிப் போயி, ரெண்டு படத்தையும் சுவத்துலேர்ந்து கழட்டி, தண்ணி புகாத உறைப்பையில போட்டு, வாயக் கட்டி..."

"தண்ணிக்குள்ளயேவா?" என்றார் மெங்.

"தண்ணிக்குள்ளயேதான்."

"வழியில மீன் ஏதாச்சும் வழி மறிச்சுதா தோழர்?" என்று கேட்டாள் பியோ.

கில் அவளை முறைத்தார். "மேஜர், இந்தப் பொம்பளையோட வாய்க்கு ஒரு பூட்டுப் போடுங்க. நாளைக்குப் பத்திரிகையில என் பேரு வருது. பதக்கம் வருது. நீங்க ரெண்டு பேரும் ஒரு துரோகிய சுடறதுக்குக் கையெழுத்துப் போட வந்தீங்க. போட்டுட்டுப் போங்க. சாயங்காலம் நாலு மணிக்கு விசாரணை மன்றம். நாலே காலுக்கு முடிஞ்சிரும்."

மெங் வாக்குமூலத்தை நீட்டினார். கில் படித்துப் பார்த்து, பெரிய எழுத்தில் கையெழுத்துப் போட்டார்.

* * *

அலைத்தடுப்புச் சுவர் ஓரமாக நானூற்றுப் பதினேழின் கொடிமரமும் ரேடார் கம்பியும் மட்டும் தண்ணீருக்கு மேலே தெரிந்தன. காற்று காதை அறுத்தது.

மொரேபோவில் இந்தக் கப்பலின் வரலாற்றை ஒப்பிக்காதவனுக்குச் சாப்பாடு கிடையாது. விடுதலைப் போர் முடிந்த கையோடு வடக்கு அண்டை நாட்டுப் பட்டறையில் பிறந்தது. எதிரியின் நீர்மூழ்கி ஒன்றை மூன்று பகல் மூன்று இரவு விரட்டியது. வீரக் கப்பல் என்று பட்டம் வாங்கியது. தலைவர்கள் கால் வைத்த மூன்று இடங்களில் மூன்று சிவப்புப் பலகைகள் அடித்திருந்தார்கள். கப்பலில் ஆணி ஒவ்வொன்றுக்கும் வரலாறு இருந்தது, சுற்றுகிற பல்சக்கரம்தான் இல்லை. இது பியோவின் கணிப்பு. அவள் வெளியே சொல்லவில்லை.

இதே பட்டறையில் இதே வருடம் பிறந்த இன்னொரு கப்பல், நானூற்றுப் பன்னிரண்டு, போன இலையுதிர் காலத்தில் பயிற்சிக்குப் போனது. திரும்பவில்லை. இருபத்தெட்டு மாலுமிகளுக்கும் வீரமரணம் என்று மேட்டின் மேல் ஆளுக்கொரு கல் நட்டார்கள். அடித்தகடு பிளந்தது என்று யாரும் எழுதவில்லை. இப்போது நாளை மறுநாள் கடற்படை அணிவகுப்பு. ஆழ்கடலில் வரிசையின் முதலில் போக வேண்டியது நானூற்றுப் பதினேழு. அதில் ஏற வேண்டியவர்கள் முப்பத்திரண்டு பேர், பாதிப் பேருக்கு மீசையே முளைக்கவில்லை.

கப்பலில் ஏறுகிற பலகைப் பாலத்தின் கரைமுனையில் நின்ற காவலாளி இவர்களைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"அரசியல் அதிகாரி தண்ணில குதிச்சதப் பாத்தியா?" என்றார் மெங்.

"வெளிய வந்ததப் பாத்தேன். பையத் தலைக்கு மேல தூக்கிப் பிடிச்சிருந்தாரு."

"நான் அதக் கேக்கல."

"குதிச்சதப் பாக்கல. அப்ப நான் கஞ்சிக்குப் போயிருந்தேன், சைரன் கேட்டுத்தான் ஓடி வந்தேன். எனக்கு வேற எதுவும் தெரியாது. என்ன விட்டுருங்க."

மெங் அவன் தலைக்கு மேலே பார்த்தார். கம்பத்தில் ஆள் உயரத்துக்கும் மேலே ஒரு இரும்புக் கொக்கி. அதில் ரப்பர் மிதவை வளையம் ஒன்று தொங்கியது.

"நேத்தும் இது இப்படித்தான் தொங்குச்சா?"

காவலாளி சிடுசிடுத்தான். "நேத்து கீழ கெடந்துச்சு. யாரு எடுத்துக் கீழ போட்டான்னு தெரியல. கொக்கி சும்மா இருந்துச்சு. அதுக்கும் என்னையத்தான் திட்டுனாங்க. போதுமா?"

"போதும்," என்றார் மெங்.

"கப்பல் முழுகுது, இவங்களுக்கு வளையம் கீழ கெடக்குறதுதான் கவலை," என்றாள் பியோ நடந்துகொண்டே. "நமக்கும் அதுதான் கவலையா தோழர் மேஜர்?"

"நமக்கு அதுதான் மொதல் கவலை."

* * *

தளத்துச் சிறையின் வாசலில் ஒரு பெண்ணும் பதினான்கு வயது மகளும் நின்றிருந்தார்கள். காலடியில் ஒரு போர்வை மூட்டை. கப்பலை மூழ்கடித்த துரோகி என்று பிடிபட்ட தலைமை எஞ்சினியர் ஹாம் ஜோங்-முவின் குடும்பம். தீர்ப்பு நாலே காலுக்கு என்றால், குடும்பத்தை மலைப் பள்ளத்தாக்கு முகாமுக்கு ஏற்றிப் போகிற லாரி நாலரைக்கு. அதனால் யாரும் சொல்லாமலே மூட்டை கட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். தெருவில் போனவர்கள் எல்லோரும் எதிர்ப்பக்கமாகப் போனார்கள். பியோவுக்கு எரிச்சல் வந்தது. அந்தப் பெண் பிள்ளையின் காலில் இருந்தது கோடைக்காலச் செருப்பு.

உள்ளே ஹாம் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார். அகலமான மனிதர். உதடு கிழிந்திருந்தது. இரண்டு கைகளையும் மடியில் வைத்திருந்தார்.

"சைரன் அடிச்சப்ப கப்பல்ல இருந்த ஒரே ஆளு நீங்க," என்றார் மெங்.

"ஆமா. பம்பு பாத்துக்கறதுக்கு ஒருத்தன் வேணும். நான் இல்லேன்னா அது தெனமும் முழுகும்."

"கடல் தண்ணிய உள்ள விடற அடி வால்வு தொறந்து கெடக்குதுன்னு முங்கிப் பாத்த டைவர் சொல்றான்."

"பல்லு தேஞ்ச வால்வு. தானா தொறந்துக்கும். மூணு தடவ எழுதிக் குடுத்தேன். அடித்தகடும் துருப்பிடிச்சுப் போச்சுன்னு எழுதினேன். அரசியல் அதிகாரி வாங்கி வெச்சுக்கிட்டு, தோல்வி மனப்பான்மைன்னு என்னைய மேடையில ஏத்தித் திட்டுனாரு."

"அந்தக் காகிதமெல்லாம் எங்க?"

"அவரு மேசையில இருக்கும். இல்ல, அவரு அடுப்புல இருக்கும். மேஜர், எனக்காக எதுவும் பண்ண வேணாம். எம்பொண்ண மட்டும் அந்த லாரியில ஏத்தாம..." அவர் முடிக்கவில்லை. "முடியாதுல்ல? சரி, போங்க."

மெங் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. மடியில் கிடந்த கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பியோவும் பார்த்தாள். வெளுத்துச் சிவந்த கைகள். நகக்கண் வரைக்கும் சுத்தம்.

"பரவாயில்லையே," என்றாள் வெளியே வந்ததும். "இங்க கைதிக்கெல்லாம் சோப்பு தர்றாங்க போல. ஒரு வாரம் என்னையும் உள்ள போடச் சொல்லுங்க தோழர் மேஜர்."

சிறைக் காவலர் பல்லைக் கடித்தார். "சோப்பா? எனக்கே கெடையாது. அந்தாளு வரும்போதே அப்படித்தான் வந்தான்."

மெங் சிகரெட்டை வாயிலிருந்து எடுத்து மறுபடி பையில் வைத்துக்கொண்டார். மணி பன்னிரண்டே கால்.

* * *

மீட்கப்பட்ட இரண்டு படங்களும் தளபதியின் அறையில் வெள்ளைத் துணி விரித்த மேசை மேல் இருந்தன. பக்கத்தில் அந்த உறைப்பை. வாசலில் இரண்டு துப்பாக்கிகள். மெங் வெள்ளைக் கையுறை போட்டுக்கொண்டு, குனிந்து வணங்கிவிட்டு, ஒரு சட்டத்தை மெல்லப் பின்புறமாகத் திருப்பினார்.

"பின்னாடி என்ன ஒட்டியிருக்கு?"

"காகிதம். மாவுப் பசை போட்டு ஒட்டியிருக்காங்க."

"எப்படியிருக்கு?"

பியோ குனிந்து பார்த்தாள். காகிதம் மொடமொடவென்று விறைப்பாக இருந்தது. ஒரு சுருக்கம் இல்லை, ஓரத்தில் பசை இளகவில்லை. கண்ணாடிக்குள் ஒரு சொட்டு நீர்த்தடம் கிடையாது. பையைத் திறந்து காட்டினார் மெங். உள்ளே படம் துடைக்கிற வெள்ளைத் துணி, நாலாக மடித்து வைத்தது வைத்தபடி.

"பையோட வெளிப்பக்கம் உப்புப் பூத்திருக்கு. உள்பக்கம்?"

"எங்க ஊருக் கெணறு மாதிரி. வறண்டு கெடக்கு." சொன்ன பிறகுதான் அவளுக்கு உறைத்தது. "தோழர் மேஜர்! தண்ணிக்குள்ள சுவத்துலேர்ந்து கழட்டினேன்னு அந்தாளு சொன்னாரே! ஒரு சொட்டுகூடப் படாம எப்படிப் பைக்குள்ள போட்டாரு?"

"போடல."

"அப்ப முழுகறதுக்கு முன்னாடியே யாரோ கழட்டிப் பையில போட்டுட்டாங்க. முழுகப் போகுதுன்னு முன்னாடியே தெரிஞ்ச ஆளு. கப்பலக் கவுக்கத் துணிஞ்சவனுக்கு இந்தப் படங்கள முக்கத் துணிச்சல் வரல!"

"நம்ம நாட்டுல யாருக்கு வரும்?" என்றார் மெங். "உனக்கு வருமா?"

பியோ யோசித்தாள். அவள் வீட்டில் வெள்ளம் வந்தபோது அம்மா முதலில் எடுத்தது அரிசி மூட்டையை அல்ல. சுவரில் இருந்த படங்களைத்தான்.

"வராது," என்று ஒப்புக்கொண்டாள்.

* * *

அடுத்து அவர்கள் போனது கில்லின் அலுவலகத்துக்கு. மேசையின் இரண்டாவது இழுப்பறையில் ஹாமின் மூன்று கடிதங்களும் இருந்தன. ஒவ்வொன்றின் மேலும் சிவப்பு மசியில் "தோல்வி மனப்பான்மை". தளபதியிடம் எடுத்துப் போகாமல் தானே வைத்துக்கொண்டிருந்தார் மனிதர். எரிக்காமல் வைத்திருந்ததற்கும் காரணம் இருந்தது. என்றாவது ஹாமைக் கவிழ்க்க உதவும்.

இரண்டரை மணிக்கு மருத்துவமனை. கில் ஒரு டப்பாவைத் திறந்து கரண்டியால் பீச் துண்டுகளைத் தின்றுகொண்டிருந்தார்.

மெங் கதவைச் சாத்தினார். "பெரிய தப்புப் பண்ணிட்டீங்க தோழர். படத்துல ஈரமே இல்ல."

கரண்டி நின்றது.

"ரெண்டு வழிதான் இருக்கு," என்றார் மெங், காய்கறி விலை சொல்வதுபோல. "ஒண்ணு, கப்பல் முழுகறதுக்கு முன்னாடியே நீங்க படங்கள எடுத்துட்டீங்க. அப்படின்னா முழுகப் போறது உங்களுக்குத் தெரியும். முக்குனது நீங்க. இல்லேன்னா, வேற யாரோ எடுத்து வெச்சத நீங்க கரையில பாத்தீங்க. பையோட தண்ணில எறங்கி, நனைஞ்சுட்டு ஏறி வந்து, வீரன்னு சொல்லிக்கிட்டீங்க. தலைவர்கள் படத்த வெச்சுப் பொய் சொல்லிப் பதக்கம் வாங்கப் பாத்தீங்க. எது வேணும்னு நீங்களே சொல்லுங்க. ரெண்டுக்கும் நிக்க வெச்சுச் சுடற சுவரு ஒண்ணுதான்."

கில்லின் முகத்தில் இருந்த ரத்தமெல்லாம் எங்கே போனதென்று தெரியவில்லை. "கொக்கியில தொங்குச்சு," என்றார் முனகலாக. "கம்பத்துல. நான் எடுக்கல. சத்தியமா நான் எடுக்கல மேஜர். ஓடி வந்தேன், பாத்தேன், ஒரு நிமிஷம் புத்தி கெட்டுப் போச்சு."

"ஒரு நிமிஷம்தானா? எனக்கு இருபது நிமிஷம் கை வலிக்க எழுத வெச்சீங்க," என்றாள் பியோ.

"எனக்கும் ரெண்டு புள்ளைங்க இருக்கு..."

"சிறை வாசல்ல ஒரு புள்ள நிக்குது, போய்ப் பாருங்க," என்றார் மெங். குரல் உயரவே இல்லை.

மெங் காலையில் எழுதிய வாக்குமூலத்தை எடுத்து நாலாகக் கிழித்து அடுப்பில் போட்டார். ஒரு புதுத் தாளைப் போர்வை மேல் வைத்தார்.

"எழுதுங்க. வால்வும் அடித்தகடும் மோசம்னு தலைமை எஞ்சினியர் ஹாம் மூணு தடவ எச்சரிச்சாரு. எதிரி போட்ட தடையால உதிரி பாகம் வரல. அந்த எச்சரிக்கைய மதிச்சு, தலைவர்கள் படத்துக்கு ஆபத்து வரக்கூடாதுன்னு நேத்து வாசிப்புக்கு முன்னாடியே நான் அதக் கழட்டிப் பையில போட்டுக் கரையில உயரமா மாட்டி வெச்சேன். சைரன் கேட்டதும் பையப் பாதுகாக்க ஓடினேன். பலகை வழுக்கித் தண்ணில விழுந்தேன்."

"விழுந்தேனா?" கில்லுக்கு அதுதான் வலித்தது. "பதக்கம்...?"

"உயிரு வேணுமா, பதக்கம் வேணுமா?"

கில் எழுதினார். இந்தத் தடவை கையெழுத்து சிறியதாக இருந்தது. மெங் மூன்று கடிதங்களையும் அதோடு சேர்த்துக் குத்தினார். சிவப்பு மசி எழுத்துகளைக் கத்தரித்து எடுக்கும் வேலையைக் கில்லிடமே கொடுத்தார். பியோ வெளியே வரும்போது திறக்காத டப்பாவைக் கையோடு எடுத்துக்கொண்டாள். கில் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ஜீப்பைக் கிளப்பியதும் அவள் பொரிந்து தள்ளினாள். "என்ன தோழர் மேஜர் இது! அந்த மாதிரி ஆளையா தப்பிக்க விடுவீங்க? நீங்க எழுத வெச்சதப் பாத்தா குற்றவாளி யாரு?"

"அமெரிக்கா."

"அவங்கள இங்க கூட்டிட்டு வந்து நாலு மணிக்குள்ள சுட முடியாதே!"

"அதனாலதான் எழுதச் சொன்னேன்."

"கில்தான முக்குனது? அந்தக் கொக்கிக் கதைய நம்புறீங்களா?"

"அவன் காலையில ஒண்ணரை மணி நேரம் முப்பது பேரு முன்னாடி நின்னு பத்திரிகை படிச்சிருக்கான். எப்பப் போய் வால்வத் தொறப்பான்?" மெங் அவள் கால்மாட்டில் கிடந்த அழுக்குத் துணியை எடுத்து மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். "வண்டியச் சிறைக்கு விடு."

பியோ கணக்குப் போட்டாள். முப்பது பேர் மண்டபத்தில். கப்பலில் ஒரே ஒருவர்.

* * *

மணி மூன்றரை. அறையில் மூன்று பேர் மட்டும்.

"கைய நீட்டுங்க," என்றார் மெங்.

ஹாம் நீட்டவில்லை.

"இருபத்திரண்டு வருஷமா எஞ்சின் அறையில இருக்கீங்க. உங்க கல்யாணப் போட்டோவுலயே நகம் கறுப்பா இருக்குமாம், இப்ப வாசல்ல உங்க சம்சாரம் சொன்னாங்க. நேத்துக் காலையில மட்டும் சோப்பு போட்டு, மணல் போட்டுத் தேச்சுக் கழுவியிருக்கீங்க. பம்பு பாத்துக்கற மனுஷன் வேலை நேரத்துல எதுக்குக் கை கழுவணும்?"

ஹாம் நிமிர்ந்து பார்த்தார். தப்பிக்கப் பார்க்கிற முகம் இல்லை அது. இவ்வளவு சாதாரண விஷயத்தைக்கூட ஒருவர் கேட்பாரா என்று திகைக்கிற முகம்.

"அழுக்குக் கையோட தொட முடியுமா?" என்றார்.

வெளியே காவலர் இருமுகிற சத்தம் கேட்டது.

"படம் இருக்குற பையக் கீழயும் வைக்க மனசு வரல," என்று தொடர்ந்தார் ஹாம். "வளையத்த எறக்கிட்டு ஒசரமா மாட்டினேன். அப்புறம் போய் வால்வத் தொறந்தேன். பாலத்துப் பக்கத்துல ஆழம் கம்மி. ஆளுங்க எல்லாம் கரையில. யாருக்கும் ஒண்ணும் ஆகாது. அதே கப்பல் நாளன்னைக்கு ஆழ்கடல்ல பொளந்தா? நானூத்திப் பன்னெண்டுல போனவங்கள்ல ஆறு பேருக்கு நான்தான் ஸ்பேனர் பிடிக்கச் சொல்லிக் குடுத்தேன். இன்னொரு முப்பத்திரண்டு கல்லு அந்த மேட்டுல வேணுமா? எழுதிக் குடுத்தேன், கேக்கல. வேற வழி தெரியல மேஜர். செஞ்சது நான்தான். எழுதிக்கிங்க."

இரண்டு ஆண்களும் பியோவைப் பார்த்தார்கள். குறிப்புப் புத்தகம் அவள் கையில்தான் இருந்தது. அதில் முதல் தடவை வந்தபோதே எழுதி வைத்திருந்தாள்: கைதியின் கைகள் சுத்தம், சோப்பு வாசனை. இந்த ஒரு வரி தலைநகரில் சரியான ஆள் கண்ணில் பட்டால் மெங்குக்கும் சேர்த்துச் சுவர் காத்திருக்கும். இதை மறைத்தால் அவளுக்கும்தான். பயமாக இருந்தது. அந்தக் கோடைக்காலச் செருப்பு ஞாபகம் வந்தது.

அவள் அந்தத் தாளைக் கிழித்து வாயில் போட்டு மென்றாள். "காலையில குடிச்ச கஞ்சிக்கு இது எவ்வளவோ மேல்," என்றாள். "அது சரி, சோப்பு வாசனை எப்படியிருக்கும் தோழர் மேஜர்? எனக்கு மறந்தே போச்சு."

மெங் அழுக்குத் துணியை ஹாமின் மடியில் போட்டார். டீசலும் கிரீஸும் நாறின. "நல்லா தேய்ங்க. நகத்துக்கு அடியிலயும் போகணும். மன்றத் தலைவரு சாதாரண ஆளு இல்ல. நான் பாத்தத அவரும் பாப்பாரு."

ஹாமுக்குப் புரிய ஒரு கணம் ஆனது. பிறகு குனிந்து தேய்க்க ஆரம்பித்தார். தேய்க்கத் தேய்க்க அவர் தோள் குலுங்கியது.

நாலு மணிக்கு விசாரணை மன்றத் தலைவர் வந்தார். பளபளக்கும் பூட்ஸ், வெள்ளைக் கையுறை, தூங்கி எழுந்த கண். காகிதங்களைப் படித்தார். ஒரு ஆளைச் சுடலாம் என்று வந்தவருக்கு ஒரு ஆளைப் பாராட்ட வேண்டியதாகிவிட்ட எரிச்சல் முகத்தில் அப்பட்டமாகத் தெரிந்தது. வேண்டாவெறுப்பாக ஹாமின் கையைப் பிடித்துக் குலுக்கினார். எடுத்தபோது கையுறை முழுக்கக் கறுப்பு.

"சீ! என்னய்யா மனுஷன் நீ?" என்று கத்தினார். "இந்தாளுக்கு மொதல்ல ஒரு கட்டி சோப்பு குடுங்கய்யா!"

உத்தரவு உத்தரவுதான். காவலர் ஓடிப்போய் எங்கிருந்தோ ஒரு முழுக் கட்டியைக் கொண்டுவந்து வைத்தார்.

ஹாம் அதைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தார். மகள் மூட்டையை விட்டுவிட்டு ஓடிவந்தாள். அவர் சோப்பை அவள் கையில் வைத்தார்.

"நீ போட்டுக்கம்மா," என்றார். "அப்பாவுக்கு வேணாம்."